கணவாய்க்குப் போகாத சாட்டை

“அடுப்பு மேல இருக்கே அந்தக் கெட்டி முக்காலி, அதைக் கொஞ்சம் நகர்த்துங்க.”

“எந்தக் கெட்டி? அதுக்கு ஒரு பேர் கிடையாதா?”

“உங்களுக்குத் தெரியாதாக்கும்.”

“ஒரே ஒரு தடவை சொல்லேன் புருல். நாக்கா வெந்து போயிடும்?”

“என் நாக்கு வேகாது. உங்கம்மா வெந்துடுவாங்க.”

கல்யாணமான புதிதில் எங்களுக்குள் நடந்த பேச்சு இது, நடுவர் ஐயா. தேநீரைக் குடியுங்கள், உப்பு குறைவென்றால் சொல்லுங்கள். இந்தப் புல்வெளியில் மருமகளாக வந்தவள் கணவன் பெயரை வாயால் சொல்லமாட்டாள். அவர் பெயரும் துருப்பிடிக்கிற அந்த உலோகத்தின் பெயரும் எங்கள் பேச்சில் ஒன்றுதான். அதனால் முக்காலி, கத்தி, லாடம் எல்லாமே எனக்கு ‘கெட்டி’. நல்ல மருமகள் என்று ஊரே சொன்னது. எழுதும்போது அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

அவர் சாட்டைக்காரர். காலச் சாட்டையைத் தூக்கும் உரிமை அவர் குடும்பத்துக்கு மட்டும்தான். அதன் அடி பட்டவன் சாகமாட்டான், காலத்திலிருந்து கழன்றுவிடுவான். அந்திதோறும் அடிபட்ட இடத்துக்கே வருவான், அன்றைக்கு இருந்தபடியே, இடையில் போனது எதுவும் தெரியாமல். தேநீர் ஆறும்வரை இருப்பான், பிறகு மறைந்துவிடுவான். அவனோடு ஒரே அடுப்பில் சாப்பிட்டவர் யாராவது பெயர் சொல்லிக் கூப்பிட்டால் மட்டும் தங்கிவிடுவான். எந்திரக் குதிரைகளில் படையெடுத்து வந்த வடக்கத்தியர் எதற்கும் அஞ்சாதவர்கள். இந்தச் சாட்டைக்கு அஞ்சினார்கள். அவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட இங்கே யார் இருக்கிறார்கள்?

அவர்கள் கணவாயை நெருங்கிவிட்டார்கள் என்று சேதி வந்த அன்று அவர் பூட்ஸை மாட்டிக்கொண்டார். அவரிடம் ஒன்று கேட்க எனக்கு ஆசை. கேட்கவில்லை. சாட்டைக்காரன் மனைவி அதைக் கேட்டால் அவமானம் அவருக்குத்தான்.

புறப்படுகிறவருக்கு, வாசலில் தொங்கும் சாட்டையை மனைவி எடுத்துத் தரவேண்டும், பிடி அவர் பக்கம் இருக்கும்படி. உங்கள் வீட்டிலும் குதிரைச் சாட்டையை அப்படித்தானே தருவார்கள்? அன்று பிடியை நான் என் பக்கமே வைத்துக்கொண்டேன். மெதுவாகத்தான் அடித்தேன். தோளில் பட்டது. “ஏய்” என்று சிரித்தார். சிரிப்பு முடிவதற்குள் வாசலில் வெறும் பனி.

எனக்குப் பயம், ஐயா. பயந்தவள் செய்ததை யாரும் கொடுமை என்று சொல்லமாட்டார்கள்.

மறுநாள் அந்தியில் சரியாக வந்துவிட்டார். “சீக்கிரம் தேநீர் கொடுடி, அங்கே காத்துக்கிட்டிருப்பாங்க” என்றார். கொடுத்தேன். “இன்னிக்கு வெண்ணெய் நிறைய மிதக்குதே, மாமனார் வீட்டுல இருந்து வந்ததா?” என்று கேலி செய்தார். கோப்பை ஆறியது, போய்விட்டார். கூப்பிட்டிருக்கலாம்தான். ஆனால் கணவன் பெயரை எப்படிச் சொல்வது?

சாட்டை மாவுப் பெட்டிக்குள் இருந்தது. கணவாய்க்குக் கீழே இருந்த குடியிருப்பு எரிந்தபோது புகை இங்கேயும் வந்தது. காயப்போட்ட துணிகளை உள்ளே எடுத்து வைத்தேன்.

சாட்டையோடு அவர் ஓடிவிட்டார் என்று பேசிக்கொண்டார்கள். நான் மறுக்கவில்லை. ஓடிப்போனவனைத் தூரத்தில்தான் தேடுவார்கள்.

அத்தையைப் பற்றிக் கேட்டீர்கள். அந்தி நேரத்தில் அவர் கணவாயைப் பார்த்து நின்று மகன் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவார். இந்த வாசலில் நின்று ஒருமுறை கூப்பிட்டிருந்தால் போதும். புகை கண்ணுக்கு ஆகாது என்று சொல்லி, ஓடையின் அந்தப் பக்கம் அவருக்குத் தனிக் கூடாரம் போட்டுக் கொடுத்தேன். கோழையைப் பெற்றவள் என்று அவரோடு யாரும் பேசுவதில்லை. நான் மட்டும் காலையில் போய்த் தலை வாரிவிடுவேன். என் மடியில்தான் கண்ணை மூடினார். “உனக்காவது அவன் எங்கேன்னு தெரியுமா, மகளே?” என்று கேட்டார். தெரியாது என்றேன்.

அந்திதோறும் வந்தவர் இத்தனை வருஷத்திலும் மாறவே இல்லை. நான்தான் மாறினேன். தலையில் கரி பூசிக்கொண்டேன், விளக்கைத் தணித்து வைத்தேன், முக்காட்டை இறக்கிவிட்டேன். எந்தப் பெண்ணுக்கு ஒரு அந்திகூடத் தவறாமல் கணவன் வீடு திரும்பினான், சொல்லுங்கள்.

நேற்றுக் கோப்பையை நீட்டியபோது என் கைச் சுருக்கம் வெளிச்சத்தில் தெரிந்துவிட்டது. அவர் என் கையைப் பார்த்தார். பிறகு முக்காட்டை விலக்கினார். வடக்கத்தியரைப் பார்த்துக்கூட அப்படி அவர் முகம் வெளுத்ததில்லை.

“பெரியம்மா, நீங்க யாரு? இது எங்க கூடாரமாச்சே. என் புருல் எங்கே? அவளை என்ன பண்ணினீங்க?”

என் பெயரைக் கத்திக்கொண்டே பனியில் ஓடினார், மறையும்வரை. ஆடு மேய்ப்பவர்கள் கேட்டது அந்தக் குரலைத்தான். அதனால்தான் நீங்கள் வந்திருக்கிறீர்கள்.

மரியாதைக்காகத்தான் பெயர் சொல்லவில்லை என்று காலையிலிருந்து உங்களிடம் சொல்லிக்கொண்டிருக்கிறேன். நீங்களும் மறுக்காமல் கேட்கிறீர்கள். கூப்பிட்டால் அவர் தங்குவார். தங்கினால் கணவாயைக் கேட்பார், அம்மாவைக் கேட்பார். பிறகு தன் காலாலேயே என்னை விட்டுப் போவார். ஊருக்கு வந்த எந்திரக் குதிரைகளுக்கு நான் பயந்ததில்லை, ஐயா. இதற்குத்தான் பயந்தேன். அவ்வளவு பேர் எரிந்தபோதும் இதற்குத்தான்.

பனி மிதிபடும் சத்தம் கேட்கிறதா? விளக்கைத் தணிக்க வேண்டாம். இருக்கட்டும்.

கம்பளித் திரை விலகுகிறது. தோளெல்லாம் பனி, அதே வயது, அதே சிரிப்பு. என்னைப் பார்க்கிறார். சிரிப்பு நிற்கிறது. ஒரு அடி பின்னால் வைக்கிறார்.

“போகாதீங்க, தெமிர்.”