அவசரமில்லை, ஐயா

— இதிலை கையெழுத்து வைச்சா அந்த இமிகிரேசன் ஒஃபிசரைக் கோர்ட்டிலை ஏத்துவினமோ, செலீன் தங்கச்சி?

— ஓம் அகஸ்ரின் அண்ணை. அதுக்குத்தானே லோயர் உங்களை லீவு போட்டிட்டு இஞ்சை எங்கடை ஒஃபிசுக்கு வரச் சொன்னவர்.

— மறியலிலை போடுவினமோ?

— ஜெயில் ஒண்டும் வராது. கோர்ட் சொன்னதை ஏன் செய்யேல்லை எண்டு ஜட்ஜுக்கு முன்னாலை நிண்டு சொல்லவேணும். சொல்லேலாட்டி தண்டம். கோர்ட் அவமதிப்பு எண்டா அதுதான்.

— பாவம். அவருக்கும் பிள்ளை குட்டி இருக்கும்.

— கேளுங்கோ அண்ணை. மக்டலீன் அக்காவின்ரை விசாவுக்கு அறுபது நாளிலை முடிவு சொல்லவேணும் எண்டு ஜட்ஜ் கட்டளை போட்டது மாசியிலை. இப்ப ஐப்பசி. லோயர் ரெண்டு கடிதம் போட்டும் மூச்சில்லை. நீங்கள் இஞ்சை கனடாவிலை, டோர்செட் பார்க்கிலை, அவ அங்கை மன்னாரிலை. கலியாணம் கட்டி மூண்டு வருசத்திலை எத்தினை நாள் ஒண்டா இருந்தனீங்கள்?

— இருபத்தாறு. பாண் சுடுற ஃபக்டரியிலை அவ்வளவுதான் லீவு தந்தவங்கள்.

— பிறகென்ன பாவம்?

— சொல்லப்போனா, அவர் எனக்கு மறுமொழி போடுறவர்.

— ஆர்?

— அந்த ஒஃபிசர்தான். ஒரு கடிதத்திலை அவற்றை ஈமெயில் கிடந்தது. மாசத்துக்கு ஒருக்கா எழுதுவன். கொஞ்சம் பொறுங்கோ எண்டு போடுவார். தன்மையான மனிசன்.

— எங்களுக்கு ஒரு சொல்லுச் சொல்லேல்லையே. போனைத் தாங்கோ. "அன்புள்ள ஐயா, உங்களுக்கு வேலை கூட எண்டு விளங்குது. அவசரமில்லை, ஆறுதலாப் பாருங்கோ. எங்களுக்கு ஒரு கரைச்சலும் இல்லை." என்ன அண்ணை இது?

— மரியாதைக்கு எழுதினது. ஊரிலை அரசாங்க அலுவலுக்குக் கச்சேரிக்குப் போய் அவசரம் எண்டு நிண்டா ஃபைல் அடியிலை போயிடும். அவசரமில்லை ஐயா எண்டு சொன்னா, இவன் நல்லவன் எண்டு மேலை எடுத்து வைப்பினம். ஊர் விதானையாரிட்டை எங்கடை அப்பா எல்லாக் கடிதமும் உப்பிடித்தான் எடுத்தவர்.

— இது கச்சேரி இல்லை. எத்தினை எழுதினனீங்கள்?

— எட்டு. ஈஸ்டருக்கு ஒரு வாழ்த்தும்.

— நீங்கள் என்ன எழுதினாலும் ஜட்ஜின்ரை கட்டளை மாறாது. ஆனா அவங்கடை லோயர் உதைத் தூக்கிக் காட்டுவான்.

— அப்ப விடுவமோ?

— உண்மையாச் சொல்லுங்கோ, உங்களுக்கு அவசரமில்லையோ?

— அவவுக்கு வாற மாசம் நாப்பத்தொண்டு. பிள்ளை வேணுமெண்டா இன்னும் ஒரு வருசம் பாக்கேலாது எண்டு டொக்டர் சொன்னவராம். அதைச் சொல்லிப்போட்டு அவ போனை வைச்சிட்டா. ரெண்டு நாள் எடுக்கேல்லை.

— இதை எழுதியிருக்கலாமே அவருக்கு.

— பிறத்தி ஆம்பிளைக்கு உதுகளை எழுதேலுமோ, தங்கச்சி?

— சரி விடுங்கோ. கையெழுத்தை வையுங்கோ.

— வைக்கிறன். வந்து நிக்கட்டும். எங்கை?

— இதிலை. அடுத்த பக்கத்திலையும். பொறுங்கோ, லோயர் ஒரு மெயில் அனுப்பியிருக்கிறார். இமிகிரேசனிலையிருந்து இப்பத்தான் வந்ததாம். கேஸ் போடப்போறம் எண்டு போன கிழமை அறிவிச்சனாங்கள், அதுக்குப் பயந்து முடிவு எடுத்திட்டாங்கள்.

— பாத்தீங்களோ? நான் சொன்னனான், தன்மையான மனிசன் எண்டு. கிழிச்சுப் போடுங்கோ இந்தப் பேப்பரை. மக்டலீன் இப்ப படுத்திருப்பா, பரவாயில்லை, எழுப்பிச் சொல்லுவம். அவர் என்ன எழுதியிருக்கிறார்? வாசியுங்கோ.

— "கோர்ட் கட்டளைப்படி முடிவு எடுக்கப்பட்டது. விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது. மனைவியைப் பிரிந்திருக்கும் கணவர், அவசரமில்லை என்று எட்டுத் தடவை எழுதியிருக்கிறார். இது உண்மையான திருமணம் என்று நம்ப முடியவில்லை."