திரைக்கு இடப்புறம்

ஒரு பக்கத்தில் எது எங்கே இருக்க வேண்டும் என்பதில் எனக்கு எப்போதும் கொஞ்சம் பிடிவாதம் உண்டு. பத்திரிகையில் ஒரு விளம்பரம் கோணலாக விழுந்திருந்தால் அன்று முழுக்கக் கண் அதிலேயே போய் நிற்கும்.

என் பெயர் சேந்தன். அப்பா கச்சேரியில், அதாவது மாவட்ட அரசாங்க அலுவலகத்தில், வேலையாகி யாழ்ப்பாணத்திலிருந்து பதுளைக்கு வந்தவர். நான் இங்கேயே பிறந்து வளர்ந்தவன். இரண்டாயிரத்து நாலில் நல்லையா அண்ணையின் வெளிநாட்டு வேலை முகவர் நிலையத்தில் சேர்ந்தேன். தோட்டத்துப் பெண்களை வளைகுடா நாடுகளுக்கு வீட்டு வேலைக்கு அனுப்புகிற இடம். அதன் இணையத்தளம் என் பொறுப்பு.

அந்தக் காலத்தில் இணையப் பக்கத்தில் ஒரு பெட்டியைச் சொன்ன இடத்தில் நிறுத்துவது லேசான காரியம் இல்லை. ஒரு பிரவுசரில் நேராக நிற்பது இன்னொன்றில் சரிந்து விழும். இடமிருந்து இத்தனை பிக்ஸல், மேலிருந்து இத்தனை பிக்ஸல் என்று சிஎஸ்எஸ் என்கிற வடிவமைப்பு மொழியில் அளந்து எழுத வேண்டும். அதற்கும் அடங்காததை ஜாவாஸ்கிரிப்டால் பிடித்து இழுக்க வேண்டும். பதுளையில் அதை ஒழுங்காகச் செய்யத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். பெருமைக்குச் சொல்லவில்லை, நீங்களே விசாரித்திருப்பீர்கள், இன்ஸ்பெக்டர் ஐயா.

இரண்டாயிரத்து ஆறில், முகவர்களுக்கு அனுமதி வழங்கும் கொழும்பு அலுவலகம் ஒரு கட்டளை போட்டது. ஒவ்வொரு முகவரின் பக்கத்திலும் முறைப்பாட்டுப் பெட்டி இருக்க வேண்டும். வெளிநாட்டில் கஷ்டப்படும் பெண்ணோ வீட்டாரோ அதை நிரப்பினால் ஓர் இலக்கம் கிடைக்கும். அந்த இலக்கத்தைச் சொன்னால்தான் கொழும்பு அசையும். ஒரு வருடத்தில் மூன்று இலக்கம் விழுந்தால் அனுமதி ரத்து.

நல்லையா அண்ணை என்னைக் கூப்பிட்டார்.

“தம்பி, பெட்டி பக்கத்திலை இருக்கவேணும். ஆனா சனத்தின்ரை கண்ணிலை படக்கூடாது. ஏலுமோ?”

“ஏலும்.”

எப்படி என்று அவர் கேட்கவில்லை. அதை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். ஒரு மனிதன் மீது செய்யாததைச் சுமத்துவது எனக்குப் பிடிக்காது. எப்படி என்பது முழுக்க என் யோசனை.

கொழும்பில் அகலமான புதுத் திரைகள் வந்துவிட்டன. தோட்டத்துச் சனம் போன் பேசவும் இணையம் பார்க்கவும் போகிற லுணுகலை, பசறை கொமினிகேஷன் கடைகளில் பழைய சின்னத் திரைகள்தான். பக்கம் திறந்ததும் திரையின் அகலத்தை அளக்கும்படி ஜாவாஸ்கிரிப்ட் எழுதினேன். அகலமான திரை என்றால் பெட்டி நட்டநடுவில் நிற்கும். சின்னத் திரை என்றால் இடப்பக்கம் ஒன்பதாயிரத்துச் சொச்சம் பிக்ஸல் வெளியே போய் நிற்கும். இடப்பக்கம் வெளியே போனதற்கு ஸ்க்ரோல் பட்டை வராது. எவ்வளவு இழுத்தாலும் அகப்படாது.

அழித்தேனா? ஓர் எழுத்தையும் அழிக்கவில்லை. பெட்டி பக்கத்தில்தான் இருந்தது. பார்க்க வந்த அதிகாரிகள் பார்த்தார்கள், தலையாட்டினார்கள், போனார்கள். அப்போது முன்னூறு பெண்கள் விசாவுக்குக் காத்திருந்தார்கள். அனுமதி போனால் அத்தனை பேரும் திரும்பவும் தோட்டத்து லயத்து அறைகளுக்குத்தான். ஒரு பெட்டியை நகர்த்தி முன்னூறு பேரின் வழியைத் திறந்து வைத்தேன். இதில் தலைகுனிய என்ன இருக்கிறது?

நிரஞ்சலாவைப் பற்றிக் கேட்டீர்கள். நாங்கள் வளைகுடாவுக்கு அனுப்பியவள்தான். லுணுகலைப் பக்கத் தோட்டம். வயது இருபத்திரண்டு. அவளுடைய அப்பா இராசையா முதல் தடவை வந்தபோது சட்டை நனைந்திருந்தது, மழைக்காலம்.

“சார், புள்ள அழுவுதுங்க. பாஸ்போட்டப் புடுங்கிக்கிட்டு மேல் மாடி ரூம்ல வச்சுப் பூட்டிடுறாங்களாம். சமையல்காரம்மா ஃபோன்ல ரெண்டு நிமிஷந்தான் பேசுச்சு. கொழும்புக்குப் போன் போட்டா நம்பரு கேக்குறாங்க. ஒங்க பக்கத்துல பெட்டியைக் காணோங்களே.”

“பெட்டி இருக்கு ஐயா. நல்லாப் பாக்கச் சொல்லுங்க.”

அது பொய் இல்லை. அடுத்த கிழமையும் வந்தார், அதையே சொன்னேன். அதற்கடுத்த வாரம் வியாழக்கிழமையும் வந்தார். அதைப் பிறகு சொல்கிறேன்.

மறுநாள் வெள்ளிக்கிழமை ஹம்ஸியா போனில் பேசினாள். லுணுகலையில் கொமினிகேஷன் கடை வைத்திருப்பவள். இராசையாவுக்குக் கம்ப்யூட்டர் பார்த்துக் கொடுத்தது அவள்தான். கெட்டிக்காரி. என்னை அண்ணன் முறையில் ‘நானா’ என்பாள். பக்கம் முழுவதையும் கொப்பி பண்ணி வெறும் எழுத்தாக ஒட்டிப் பார்த்திருக்கிறாள்.

“நானா, உங்கட பக்கத்துல முறைப்பாடுன்டு எழுத்து ஈக்கிது. திரையிலதான் காணல்ல. என்னமோ பிழை.”

“சரி தங்கச்சி, திருத்துறேன்.”

திருத்தினேன். எழுத்தைப் பெரிதாக்கிப் பார்த்தால் ஒரு பழைய பிரவுசரில் பெட்டியின் விளிம்பு மயிரிழை அளவு தெரிந்தது. அதைத்தான் திருத்தினேன்.

ஞாயிற்றுக்கிழமை நிரஞ்சலா நாலாம் மாடி ஜன்னலிலிருந்து கட்டில் விரிப்பைக் கட்டி இறங்கப் பார்த்திருக்கிறாள். முடிச்சு அவிழ்ந்துவிட்டது, பிழைக்கவில்லை. ஹம்ஸியா தான் எடுத்து வைத்திருந்த பிரதியை உங்களிடம் கொண்டுவந்து கொடுத்தாள். நல்லையா அண்ணை தனக்குக் கம்ப்யூட்டர் தெரியாது என்றார். அது உண்மைதான்.

வருத்தமா என்றீர்கள். ஜன்னலை நான் திறக்கவில்லை, கதவை நான் பூட்டவில்லை. விரிப்பில் முடிச்சுப் போட்டதும் நான் இல்லை. இதை நீதவான் முன்னாலும் சொல்வேன்.

இனி அந்த வியாழக்கிழமை. சொல்லாமல் விட்டால் வாக்குமூலம் குறையாகிவிடும்.

இராசையா என் மேசைக்கு முன்னால் நின்று, “நீங்களே காட்டிருங்க சார்,” என்றார். என்னுடையது அகலமான திரை. பக்கத்தைத் திறந்தேன். பெட்டி நடுவில் வந்து நின்றது. அவர் குனிந்து அதன் மேல் விரலை வைத்தார்.

“இதுதானுங்களா? இங்கயே எழுதிரலாமா சார்?”

எழுத ஐந்து நிமிடம் போதும். இலக்கம் அன்றைக்கே கொழும்புக்குப் போயிருக்கும்.

“ஆபீஸ் மெஷின்ல எழுதினா செல்லாது ஐயா. லுணுகலைக்கே போய் எழுதுங்க.”

அப்படி ஒரு சட்டம் எங்கும் இல்லை. நான்தான் அந்த இடத்தில் உண்டாக்கினேன். அவர் என் இரண்டு கையையும் பிடித்து, “நீங்க நல்லா இருக்கணும் சார்,” என்று சொல்லிவிட்டு பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினார்.

எங்கள் அலுவலகத்தின் மேல் மாடியிலிருந்து அவர் ஓடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு மனம் நிறைந்திருந்தது. அந்தப் பெட்டி எவ்வளவு சரியாக நடுவில் நின்றது என்பதை விரல் வைத்துப் பார்த்த ஒரே மனிதர் அவர்தான்.