கல்லறையில் கம்ப்யூட்டர் கூடாதாம்

"கல்லறையில கம்ப்யூட்டர்னு கொத்தக் கூடாதுன்னு சபைக் கமிட்டியில முடிவாயிட்டு, அண்ணாச்சி."

ஆழ்வார்திருநகரிப் பெருமாளைச் சேவிக்க நான் போன பஸ்ஸில், முன்சீட்டில் இருந்த சர்ச் கமிட்டிக்காரர் இப்படிச் சொன்னார். அவர் பக்கத்தில் இருந்த பெரியவர் அண்மையில் மனைவியை அடக்கம் செய்தவர் என்று பேச்சில் தெரிந்தது.

"ஒரு பைபிள் வசனம், இன்னாருடைய மனைவி. அம்புட்டுதான் வழக்கம்."

"இங்கிலீஷ் மட்டும் தெரிஞ்ச பொட்டியில தமிழெழுத்தை வரவச்ச மொத ஆளுகள்ல அவ ஒருத்தி வே. அதைக் கொத்தாம வேற என்னத்தக் கொத்த?"

"அது உலகக் காரியம்லா."

"சபைத் தேர்தலுக்கு ஓட்டர் லிஸ்ட் அவ எழுதுன புரோகிராமுலதான வந்துச்சு. அதுல ஜெயிச்சு வரும்போது உமக்கு உலகக் காரியமாத் தெரியலையோ?"

நான் மனதுக்குள் பெரியவருக்காகப் பெருமாளை வேண்டிக்கொண்டேன்.

"உங்க பேராவது கல்லுல இருக்கா, அண்ணாச்சி?" என்றார் கமிட்டிக்காரர்.

"இல்ல. அவ பேரும் அவ செஞ்ச வேலையும் கொத்தியாச்சு. கீழ எனக்கு எடம் விட்டிருக்கேன். நான் போனா, இவளுடைய கணவர்னு போட்டாப் போதும். கல்லை எடுக்கத்தான் இப்பப் போறேன். நாளைக்குக் காலையில நடுதோம். தடுக்கணும்னா கமிட்டியோட வாரும், நான் அங்கனதான் நிப்பேன்."