நோட்டரி வேஷமும் நாலு பக்க வசனமும்

...அநியாயமா இல்லையா சார்? நாலு பக்க வசனம்! அப்படியே புடுங்கி, முந்தாநேத்து சினிமாவுக்கு வந்த ஒல்லிப்பயகிட்ட குடுத்துட்டாரு டைரக்டர் மோரெல். இல்ல இல்ல, பேப்பர மடக்காதீங்க. நீங்க படிங்க, ரயில் பாரிஸ் போய்ச் சேர்ற வரைக்கும் நான் பாட்டுக்குப் பேசிக்கிட்டு வர்றேன்.

என் மூஞ்சிய எங்கியோ பாத்த மாதிரி இருக்குமே? இருக்கும். இந்த மூக்கு மூணு தரம் ஒடஞ்சது. ரெண்டு தரம் குதிரை, ஒரு தரம் மாடிப்படி. முப்பத்தோரு வருஷமா சினிமால விழுந்துகிட்டிருக்கேன் சார்! அன்செல்ம் பூரெல்னா ஒருத்தருக்கும் தெரியாது. ஆனா ரொட்டிக்கடைக்குப் போனா, "அட, போன வாரம் கிணத்துல விழுந்து செத்தீங்களே!"ன்னு கை குடுக்கறாங்க. அடியாளு, காவக்காரன், ஜெர்மன் சிப்பாய்... எல்லாம் நான்தான். கதாநாயகன் கைய ஓங்கினா போதும், நான் ஜன்னலுக்கு வெளிய! வசனமா? "ஆ!" அவ்ளோதான். ஒரு படத்துல அதையும் வேற ஆள வெச்சுக் கத்தவிட்டாங்க. என் "ஆ"ல உணர்ச்சி பத்தலையாம்!

என் பொண்டாட்டி ஜெர்மேன் என் படம் ஒண்ணுகூடப் பாத்ததில்ல. "புருஷன் சாகறதுக்கு நான் டிக்கெட் வேற எடுக்கணுமா? பேசற வேஷம் வரட்டும், மொத ஆளா வர்றேன்"ங்கறா.

இந்தப் பன்னிக்கறி வெச்ச ரொட்டி எடுத்துக்குங்களேன்... வேணாமா? மார்செய் ஸ்டேஷன்ல வாங்கினது. எனக்குக் கடிக்க முடியல, முன்பல்லு ரெண்டும் கட்டினது.

எங்க விட்டேன்? ஆங்... வந்துச்சு சார் பேசற வேஷம், இந்த மோரெல் படத்துல! நோட்டரி வேஷம். செத்துப்போன பணக்காரக் கிழவியோட உயில சொந்தக்காரங்க முன்னாடி உக்காந்து படிக்கணும். உக்காந்து! நாற்காலில! ஒரு மாசம் குளியலறைல தாப்பா போட்டுக்கிட்டுப் பழகினேன். ஜெர்மேன் தியேட்டர்லதான் கேக்கணும்னு.

நேத்து காலைல நைஸ் ஊர்ல ஷூட்டிங். கண்ணாடிய மாட்டினேன். தொண்டையக் கனைச்சேன். வாயத் தொறந்தேன்... எதிர்ல உக்காந்திருந்த கதாநாயகன் ரூவியேவுக்குத் தும்மல் வந்துச்சு. வரலாம், தப்பில்ல. கைக்குட்டை எடுக்க சடார்னு கையத் தூக்கினாரு.

என்ன ஆச்சா? அது... அவரு என்னைத் தொடக்கூட இல்ல சார். இந்த ஒடம்பு இருக்கே, இது என்னைக் கேக்கவே இல்ல! நாற்காலியோட பின்னாடி போயி, அலமாரில மோதி, தரையில கையக் கால விரிச்சு, நாக்கத் தள்ளி... பழக்க தோஷம்! நானேதான் விழுந்தேன். எல்லாரும் கைதட்டினாங்க.

மோரெல் சிரிச்சுச் சிரிச்சுக் கண்ணத் தொடச்சுக்கிட்டு, "பிரமாதம்! நோட்டரிக்கு மாரடைப்பு. சாப்பிட்டு வந்து அதே எடத்துல படுங்க பூரெல், உயில குமாஸ்தா படிக்கட்டும்"னுட்டாரு.

மத்தியானம் நான் பொணமாக் கெடக்கறேன். தலைமாட்டுல குமாஸ்தா வேஷத்துல அந்த ஒல்லிப்பய. சாப்பாட்டு நேரத்துல நெட்டுரு போட்டது எத்தன நேரம் நிக்கும்? கையில வெத்துக் காகிதம் வேற. "என் வீட்டை... என் வீட்டை..."ங்கறான். என்னால தாங்க முடியல சார். கண்ணத் தொறக்காம சொன்னேன்: "என் வீட்டை தங்கச்சி மகளுக்கே எழுதி வைக்கிறேன். அவ ஒருத்திதான் ஞாயித்துக்கிழமையில வந்து எங்கூடப் பேசிக்கிட்டிருந்தா."

அப்புறம் நிறுத்த முடியல. மிச்சம் பூராவும் நானே! பொணம் பேசுது, ஒருத்தரும் "கட்" சொல்லல. முடிச்சப்ப, மேக்கப் போடற அம்மா மூக்க உறிஞ்சற சத்தம் மட்டும் கேட்டுச்சு.

மோரெல் பக்கத்துல வந்து குனிஞ்சாரு. "ரொம்ப நல்லாருந்துது பூரெல். இப்பப் பொணம் கொஞ்சம் சும்மா கெடந்தா, ஷாட்ட எடுத்துடலாம்."

இன்னிக்குக் காலைல ஜெர்மேனுக்கு போன் போட்டு எல்லாத்தையும் சொன்னேன். "வீட்டுக்கு வாய்யா. சமையலறைல உக்காந்து நாலு பக்கத்தையும் சொல்லு. நல்ல கவுனப் போட்டுக்கிட்டு கேக்கறேன்"னா...

அதான் சார், ஒரே ஒரு தரம் உங்ககிட்ட ஒப்பிச்சுப் பாத்துக்கறேன். நாலே பக்கம்... அட, பெட்டிய ஏன் எடுக்கறீங்க? வாலன்ஸ் ஸ்டேஷன்லயே எறங்கறீங்களா? டிக்கெட்ல பாரிஸ்னு போட்டிருந்துதே... சார்! அது வெளிய போற கதவு இல்ல சார், கக்கூஸ்!