மூணு கோரை

நில்லு, நில்லு. பாய்த்தறியைத் தாண்டிட்டுப் போவாத. எதிர உக்காந்து மூணு கோரை போடு. எதுக்குன்னு கேளு, சொல்லுதேன்.

முன்ன ஒரு காலத்துல, இதே ஆத்தங்கரைத் தெருவுல பாத்துமுத்துன்னு ஒருத்தி இருந்தாளாம். எங்க உம்மாவுக்கு உம்மா, அவளுக்கும் உம்மா. புருசன் இல்ல. ஒத்த மவ, சுலைகா.

ஊர்த்தலைவர் சேகப்பா மவளுக்குக் கல்யாணப் பாய் நெய்து, ஆத்து மணல்ல காயப் போட்டிருந்தாளாம். அன்னைக்கு வெள்ளத்துல ஒரு பொம்பள மய்யித்து ஒதுங்குச்சு. யாரு பெத்த பிள்ளையோ, மேல பொட்டுத் துணி இல்ல. ஆம்பளைங்க கரையில நின்னு பாக்கானுவ. பாத்துமுத்து என்ன செஞ்சா? கல்யாணப் பாயைத் தூக்கி மூடிட்டா.

"அடிப்பாவி! என் மவ பாயையா பொணத்துக்குப் போட்டே?"

"மானத்தை மூட வேற என்ன இருந்துச்சு காக்கா?"

காக்கான்னு அண்ணன் முறை வச்சுக் கூப்பிட்டாலும் கேப்பாரா சேகப்பா? "இவ கை தரித்திரம். இவ தறியில ஒருத்தரும் உக்காரப்படாது"ன்னுட்டாராம். ஊரும் தலையாட்டுச்சு. நம்ம ஊருதானே, ஆட்டும்.

பாய்த்தறிக்கு ரெண்டு ஆள் வேணும். ஒருத்தி கோரையை நுழைக்கணும், ஒருத்தி அச்சுக்கட்டையை அடிச்சு இறுக்கணும். மறு வருசம் சுலைகாவுக்கு நிக்காஹ் பேசியாச்சு. பாய் இல்லாம பொண்ணை அனுப்ப முடியாது. கல்யாணப் பொண்ணு தன் பாயைத் தானே தொடவும் படாது. அதனால பாத்துமுத்து ஒத்தையாவே நுழைச்சா, எந்திரிச்சுச் சுத்தி வந்தா, அடிச்சா. நுழைச்சா, சுத்துனா, அடிச்சா. காய்ச்சல்லயும் விடலையாம். தெருவே வாசல்ல நின்னு பாத்துச்சு. ஒருத்தி வரல.

நிக்காஹ் அன்னைக்குக் காலையில சுலைகா வந்து பாத்தா, உம்மா அச்சு மேல சாஞ்சு கிடக்கா. உசுரு இல்ல. பாயில நாலு விரக்கடை பாக்கி.

அப்பதான் தெரு ஓடி வந்துச்சாம். தூக்கப் போனவங்களை சுலைகா மறிச்சா. "பாயை முடிக்காம எங்க உம்மாவை யாரும் தொடப்படாது."

ஒவ்வொருத்தரா உக்காந்து, ஆளுக்கு மூணு கோரை போட்டாங்களாம். கடைசியா சேகப்பா. அவரும் மூணு போட்டாரு. சுலைகா கேட்டாளாம்:

"இதுல ஒண்ணை அவ உசுரோட இருக்கையில போட்டிருக்கப்படாதா மாமா?"



"கல்யாணத்துக்கு விரிக்கவா?"ன்னு மாப்பிள்ளையோட உம்மா கேட்டாளாம். "என் உம்மாவுக்கு விரிங்க"ன்னுட்டா. பொறவு கல்யாணம் வெறுந்தரையிலதான் நடந்துச்சு.

அன்னையிலேருந்து இந்தத் தெருவுல ஒருத்தி ஒத்தையா நெய்யுறதைப் பாத்தா, எவரா இருந்தாலும் எதிர உக்காந்து மூணு கோரை போட்டுட்டுத்தான் போவணும்.

போட்டுட்டியா? எங்க, ரெண்டுதான் ஆச்சு. இன்னும் ஒண்ணு போடு.