சமபகுதியத்துக்குப் போட்ட சைபர்

எழுபதுகளில் யாழ்ப்பாணத்தில் இரசாயனம் படிப்பித்தபோது, ‘சமபகுதியம்’ என்றால் என்னவென்று புத்தகத்தில் உள்ளபடி எழுதாமல் தன் சொற்களில் எழுதிய மாணவிக்குச் சைபர் போட்டேன். அது அநியாயம்.

தொண்ணூறுகளில் ஒருநாள், கனடாவில் ஸ்காபரோ பஸ்ஸில் என் முன்னால் இரண்டு பெண்கள்.

“இண்டைக்குச் சோதினை பெயில் எண்டா லாப் வேலை கிடையாதக்கா. உந்த ஐசோமர்தான் விளங்குதில்லை.”

“உது எங்கட சமபகுதியம்தான். அதே அணுக்கள், அதே எண்ணிக்கை. பூட்டின விதம் மாறினா வேற சாமான்.”

“இவ்வளவுதானோ!”

“ஓம். இதுக்குத்தான் எங்கட மாஸ்டர் எனக்குச் சைபர் போட்டவர்.”

இறங்கும்போது, அந்த மாஸ்டர் நான்தான் என்று சொல்லி மன்னிப்புக் கேட்டேன். மூத்தவள் திகைத்து, பிறகு சிரித்தாள்.

“அப்ப இப்ப எத்தினை மாக்ஸ், சேர்?”

“முழுசும், பிள்ளை.”

“கேட்டியே?” என்று அவள் மற்றவளிடம் திரும்பினாள். “பயப்பிடாமல் அப்பிடியே எழுது.”

“இஞ்சத்தை மாஸ்டரும் இருவது வருசம் எடுத்தா என்னக்கா செய்யிறது?”