வெற்றிச்செல்வன் கொண்டுவந்த புது மாடல்

ரேணுகாதேவி: ...அப்ப இந்த மிஷின் ஒண்ணே அறுக்கும், தேய்க்கும், ஓட்டை போடும். சோறு ஆக்காதுங்களா?

வெற்றிச்செல்வன்: அது அடுத்த மாடல்ல வரும் மேடம்.

ரேணுகாதேவி: போன மாடலுக்கும் இப்டித்தான் பேசுனீங்க. கொஞ்ச நேரம் ஓட்டுனாலே தோசக்கல்லு மாதிரி சுட்டுச்சு.

வெற்றிச்செல்வன்: அதத்தான் கம்பெனியில மாத்திட்டாங்க. பேட்டரியும் பெருசு. பிளேடு கழட்ட சாவிகூட வாணாம், இந்த லீவர தூக்குனா...

ரேணுகாதேவி: தூக்குனேன். பிளேடு கீழ வுழுந்துச்சு. நல்ல வசதிங்க.

வெற்றிச்செல்வன்: புடிச்சிக்கினு தூக்கணும் மேடம்.

ரேணுகாதேவி: டப்பா மேல அப்டி எழுதலியே.

வெற்றிச்செல்வன்: ஒர்க்‌ஷாப் நடத்தறவங்களுக்குத் தெரியும்னு வுட்டிருப்பாங்க.

ரேணுகாதேவி: வாய் மட்டும் பழைய மாடலேதான். சரி... ரிப்பேருக்கு வந்திருக்கற ராஜாக்கண்ணு ஜீப்புல சைலன்சர் போல்ட்டு துருப்புடிச்சி கெடக்குது. அறுத்துக் காட்டுங்க.

வெற்றிச்செல்வன்: இதோ... பாத்தீங்களா? வாழத்தண்டு அறுக்கற மாதிரி...

ரேணுகாதேவி: உங்க ஊரு வாழத்தண்டுல பொறி பறக்குமா? பாதிகூட ஆவல.

வெற்றிச்செல்வன்: மெதுவா போனாதான் சுத்தமா அறுக்கும்.

ரேணுகாதேவி: நீங்க சுத்தமா அறுத்து முடிக்கறதுக்குள்ள கீழ போற ஜீப்பு கெளம்பிடும். அப்பறம் இந்த நெல்லிவாசல் மலையிலேருந்து நடந்துதான் எறங்கணும்.

வெற்றிச்செல்வன்: போவட்டும்... இது முடியட்டும். ம்... அறுந்துடுச்சு. மிஷின தொட்டுப் பாருங்க, சூடு இருக்கா?

ரேணுகாதேவி: இல்ல. உங்க கையும் அதிரல. கரெண்டு இல்லாதப்ப ஒதவும். நல்லாத்தான் இருக்குது.

வெற்றிச்செல்வன்: உங்க வாயால நல்லாருக்குன்னு இப்பதான் கேக்கறேன்.

ரேணுகாதேவி: மிஷின சொன்னேன்.

வெற்றிச்செல்வன்: அது புரிஞ்சிது மேடம். இங்கியே வச்சிக்கோங்க. கம்பெனியில டெமோவுக்குக் குடுத்தது. நான் அப்பப்ப வந்து... எப்டி ஓடுதுன்னு பாத்துட்டுப் போறேன்.

ரேணுகாதேவி: அப்பப்பவா? ரொம்ப தாராளமான கம்பெனிங்க.

வெற்றிச்செல்வன்: நம்ம கம்பெனி அப்டித்தான்.

ரேணுகாதேவி: காலையில அந்தக் கம்பெனியிலேருந்து சின்னதம்பின்னு ஒருத்தர் வந்தாரு. இதே மிஷின காட்டுனாரு. உங்கள கேட்டேன். வேலைய வுட்டு நின்னுட்டீங்கன்னு சொன்னாரு.

வெற்றிச்செல்வன்: சின்னதம்பியா... அது வந்து...

ரேணுகாதேவி: இன்னாங்க, பேட்டரி தீந்துபோச்சா?

வெற்றிச்செல்வன்: இது... நான் கடையில வாங்குனது. மலையேறி வர்றதுக்கு வேற இன்னா சாக்கு சொல்றதுன்னு தெரியல. எல்லாம் தெரிஞ்சிக்கினுதானா இவ்ளோ நேரம் என்ன கிண்டல் பண்ணீங்க?

ரேணுகாதேவி: அவர்ட்ட அப்பவே வாணாம்னு சொல்லி அனுப்பிட்டேன். நீங்க வருவீங்கன்னு... உங்கள இங்க ஒக்கார வெக்க எனக்கும் வேற சாக்கு கெடைக்கலங்க.